தொழில் நொடிக்கும்போது குடியிருக்கும் வீட்டைக் காப்பது எப்படி?

இருங்காட்டுக்கோட்டையில் தொடங்கி ஸ்ரீபெரும்புதூர், சுங்குவார்சத்திரம் என்று ஒரு கிளையும், வல்லம், மாத்தூர், ஒரகடம் என்று மற்றொரு கிளையுமாகப் பரந்து கிடக்கும் தொழிற்பேட்டைகளில், பெரிய மோட்டார் ஆலைகளுக்கு வேண்டிய சிற்றுறுப்புகளைக் கடைந்தும் அழுத்தியும் வார்த்தும் கொடுக்கின்ற சிறு பட்டறைகளின் உரிமையாளர்களுக்கும், அவற்றில் உழைக்கும் தொழிலாளர்களுக்கும் இந்த அத்தியாயம் எழுதப்படுகிறது. பெரிய ஆலை ஒன்று கதவடைத்தால் அதை நம்பியிருந்த சிறு பட்டறைகளும் தள்ளாடும் என்பதை, ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை 2014 நவம்பர் 1 அன்று உற்பத்தியை நிறுத்தியபோதும், மறைமலைநகர் ஃபோர்டு ஆலை 2022இல் உற்பத்தியை முடித்துக்கொண்டபோதும் இந்த வட்டாரம் நேரில் கண்டது. அத்தகைய சந்தர்ப்பத்தில் தொழிலை இழப்பது ஒரு துயரம். அதனுடன் குடும்பம் குடியிருக்கும் வீட்டையும் இழப்பது அதனினும் பெரிய துயரம். இரண்டாவதைத் தடுக்கச் சட்டம் சில கதவுகளைத் திறந்து வைத்திருக்கிறது. அவை எவை, எந்த வரிசையில், எந்தக் காலக்கெடுவுக்குள் தட்டவேண்டியவை என்பதே இங்கே விஷயம்.

சட்டம் சொல்வது, சுருக்கமாக

இன்று அமெரிக்காவின் மாநிலமாக உள்ள டெக்ஸஸில், அது தனிக் குடியரசாக இருந்த 1839ஆம் ஆண்டிலேயே, கடன்காரர் கை வைக்கக்கூடாத குடியிருப்பு என்ற கருத்து சட்டமாயிற்று. நம் நாட்டில் அந்தப் பாதுகாப்பு ஒரே சட்டத்தில் இல்லாமல் இரண்டு இடங்களில் பிரிந்து கிடக்கிறது.

ஒன்று, 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவு: விவசாயி, தொழிலாளி, வீட்டுப் பணியாளர் ஆகியோருக்குச் சொந்தமாய் இருந்து, அவர்களே குடியிருக்கும் வீட்டையும், அதன் மனையையும், அதை அனுபவிக்க அவசியமான சுற்றுநிலத்தையும் நீதிமன்றம் ஜப்தி செய்யலாகாது. இரண்டு, 2016ஆம் ஆண்டு நொடிப்பு மற்றும் திவால் சட்டத்தின் 79ஆம் பிரிவு, 14ஆம் உட்பிரிவு: கடனாளிக்குச் சொந்தமான, வில்லங்கமற்ற, ஒரே குடியிருப்பு வீடு, விதிகள் குறிக்கும் மதிப்புக்குள் இருந்தால், அது ‘விலக்குச் சொத்து’, கடன்காரர்களுக்குப் பங்கிடும் தொகுப்பில் அது சேராது. நகர்ப்புற வீட்டுக்கு ரூ.20 லட்சம், கிராமப்புற வீட்டுக்கு ரூ.10 லட்சம் என்று 2019ஆம் ஆண்டு விதிகள் வரம்பிட்டிருக்கின்றன.

இவ்விரண்டுக்கும் பொதுவான நிபந்தனை ஒன்றை மனத்தில் பதித்துக்கொண்டால் பாதி வேலை முடிந்ததாகும்: எந்தக் கடனுக்காக வீட்டையே அடமானம் வைத்தீர்களோ, அந்தக் கடனுக்கு எதிராக இந்த விலக்கு நிற்காது.

படி 1: நீங்கள் எந்த வகைக் கடனாளி என்று தீர்மானியுங்கள்

எந்தச் சட்டம் உங்களுக்குப் பொருந்தும் என்பது, பட்டறை எந்த உருவத்தில் பதிவாகியிருக்கிறது என்பதையும், நீங்கள் எந்தத் தாளில் கையெழுத்திட்டீர்கள் என்பதையும் பொறுத்தது.

1. பட்டறை பிரைவேட் லிமிடெட் கம்பெனியாக இருந்து, அதன் கடனுக்கு நீங்கள் தனிப்பட்ட ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தால், 2016ஆம் ஆண்டுச் சட்டம் உங்களுக்குப் பொருந்தும். அதன் தனிநபர் பகுதி தனி ஜாமீன்தாரர்களுக்கு 2019 டிசம்பர் 1 முதல் அமலில் இருக்கிறது. 2021 மே மாதத்தில் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது. செல்ல வேண்டிய இடம், சென்னையிலுள்ள தேசிய நிறுவனச் சட்டத் தீர்ப்பாயம்.
2. பட்டறை உங்கள் பெயரில் தனியுரிமையாகவோ கூட்டாகவோ இருந்தால், 2016ஆம் ஆண்டுச் சட்டத்தின் தனிநபர் பகுதி இன்னும் உங்கள்பால் வரவில்லை. நீங்கள் செல்வது 1920ஆம் ஆண்டு மாகாண நொடிப்புச் சட்டத்தின் வழி; அதாவது, ஊரில் ‘ஐ.பி. கொடுத்தல்’ என்றும் ‘மஞ்சள் கடுதாசி’ என்றும் சொல்லப்படுவது. மனு, நொடிப்பு அதிகாரம் பெற்ற மாவட்ட அல்லது சார்பு நீதிமன்றத்தில். (சென்னை மாநகருக்குள் வாழ்பவருக்கு 1909ஆம் ஆண்டுச் சட்டமும் உயர் நீதிமன்றமும்.) இந்த வழியில் வீட்டு விலக்கு, 60ஆம் பிரிவு தருகிற அளவே.
3. நீங்கள் ஆலைத் தொழிலாளியாக இருந்து, உறவினரின் கடனுக்கு ஜாமீன் நின்றதால் வீட்டின்மேல் ஜப்தி வருமானால், நொடிப்பு மனுவே தேவைப்படாமலிருக்கலாம்; 60ஆம் பிரிவை நேரே நிறைவேற்று நீதிமன்றத்தில் காட்டலாம். திறன் பெற்றவர், பெறாதவர் என்ற பேதமின்றித் தொழிலாளி என்ற சொல் எல்லோரையும் உள்ளடக்கும் என்று அந்தப் பிரிவின் விளக்கமே கூறுகிறது.

*எச்சரிக்கை:* பஞ்சாபில், விவசாயி அல்லாதவரின் முக்கிய குடியிருப்பு ஒன்றுக்கும் விலக்குத் தரும் மாநிலத் திருத்தம் உண்டு. அது தமிழ்நாட்டில் இல்லை. பட்டறை முதலாளியாக இருப்பவர் அதை நம்பி மனுவை எழுதினால் முதல் விசாரணையிலேயே தோற்பார்.

படி 2: வீட்டின் வில்லங்கத்தை ஆராயுங்கள்

1. பதிவுத்துறையின் இணையதளத்திலோ ஸ்ரீபெரும்புதூர் முதலிய சார்பதிவாளர் அலுவலகங்களிலோ, வீடு உங்கள் கைக்கு வந்த நாளுக்கு முன்னிருந்து இன்றுவரை வில்லங்கச் சான்று எடுங்கள்.
2. அதில் ‘உரிமை ஆவண ஒப்படைப்பு’ என்ற பதிவு இருக்கிறதா என்று பாருங்கள். வங்கியில் மூலப்பத்திரத்தைக் கொடுத்துவிட்டு வந்த அந்த ஒரு காரியமே சட்டப்படி அடமானம்.
3. செர்சாய் என்னும் மத்தியப் பதிவேட்டிலும் தேடுங்கள். சில வங்கிகளின் அடமானம் அங்கே தெரியவரும்.
4. கடன் ஒப்பந்தத்தின் எல்லாப் பக்கங்களின் நகலையும் வங்கியிடம் எழுத்து மூலம் கேட்டுப் பெறுங்கள். வீட்டுக் கடனுக்காக வைத்த பத்திரம், தொழிற்கடனுக்கும் சேர்த்துப் பிணையாக நீட்டிக்கப்பட்டிருக்கிறதா என்பதை அதில்தான் காணமுடியும்.
5. மனைவியோ தாயாரோ இணை உரிமையாளராக இருந்தால், அவர்களும் ஜாமீன் தாளில் கையெழுத்திட்டிருக்கிறார்களா என்று பாருங்கள். கையெழுத்து இல்லையென்றால் அவர்களுடைய பங்கு உங்கள் கடனுக்குப் பொறுப்பாகாது. அந்தப் பங்கை முதலிலேயே பிரித்துக் காட்டுவது உங்கள் கடமை.

வில்லங்கம் இல்லையென்றால் 3ஆம் படிக்குச் செல்க. அடமானம் இருந்தால், கீழே ‘அடமான வீட்டுக்கு என்ன வழி’ என்ற பகுதியை முதலில் படிக்க.

படி 3: மதிப்பை நிறுவுங்கள்

2016ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழி செல்பவருக்கு இந்தப் படி உயிர்நாடி போன்றது. வீட்டு வரி ரசீதை எடுத்து, அது நகராட்சி கொடுத்ததா, ஊராட்சி கொடுத்ததா என்று பாருங்கள். தொழிற்பேட்டை மதிலை ஒட்டியிருந்தும் ஊராட்சி எல்லைக்குள் கிடக்கும் வீடுகள் இந்த வட்டாரத்தில் உண்டாகையால், வரம்பு ரூ.20 லட்சமா ரூ.10 லட்சமா என்ற கேள்வி அந்த ரசீதிலிருந்தே தொடங்குகிறது. பிறகு, பதிவு பெற்ற மதிப்பீட்டாளரிடம் அறிக்கை பெறுங்கள். அரசின் வழிகாட்டு மதிப்பை மட்டும் இணைத்தால், கடன்காரர் தரப்பு சந்தை விலையைக் காட்டி எளிதில் மறுத்துவிடும்.

தொழிற்சாலைகள் வந்தபின் மனை விலை ஏறியிருக்கும் இந்தப் பகுதியில், பல வீடுகள் இந்த வரம்பைத் தாண்டும் என்பதை மறைப்பதில் பிரயோஜனம் இல்லை. அப்படியானால், விலக்கு மனுவை மட்டும் நம்பியிராமல், வீடு குடும்பத்திடமே இருக்கும்படி ஒரு திருப்பிச் செலுத்தும் திட்டத்தை முன்வைப்பதே உசிதம். அந்தத் திட்டத்திற்கு, கூட்டத்தில் வாக்களிக்கும் கடன்காரர்களில் கடன் மதிப்பால் முக்கால் பங்குக்கு மேற்பட்டவர்களின் சம்மதம் வேண்டும்.

படி 4: ஆவணங்களை ஒரே கோப்பில் சேருங்கள்

- கிரயப் பத்திரம், தாய்ப்பத்திரம், பட்டா
- வில்லங்கச் சான்று, செர்சாய் தேடல் முடிவு
- வீட்டு வரி ரசீது, மின் கட்டண ரசீது, குடும்ப அட்டை (குடியிருப்பை நிரூபிக்க)
- மதிப்பீட்டு அறிக்கை
- வேறு வீடு இல்லை என்ற பிரமாணப் பத்திரம்
- தொழிலாளியானால் சம்பளச் சீட்டு, பி.எஃப்., இ.எஸ்.ஐ. சான்று; விவசாயியானால் சிட்டா, அடங்கல்
- எல்லாக் கடன்காரர்களின் பட்டியல். கைமாற்றுக் கடன்களும், நகைக் கடன்களும் உட்பட

*குறிப்பு:* வீட்டோடு சேர்த்து வேறு பொருள்களுக்கும் 2016ஆம் ஆண்டுச் சட்டம் விலக்குத் தருகிறது: அடமானமற்ற தொழிற்கருவிகள், தொழிலுக்கு அவசியமான வாகனம், குடும்பத்தின் அன்றாடத் தேவைக்கான பாத்திர பண்டங்கள், ஆயுள் காப்பீடு, ஓய்வூதியத் திட்டம், சமய வழக்கப்படி பிரிக்கக்கூடாத ஆபரணங்கள் (ரூ.1 லட்சம் வரை). திருமாங்கல்யம் இதில் அடங்கும். இவற்றையும் அதே பட்டியலில் தனித் தலைப்பிட்டு எழுதுங்கள்.

படி 5: கோரிக்கையைத் தெளிவாக எழுதுங்கள்

விலக்கு தானாக வந்து சேரும் என்று இருந்துவிடாதீர்கள். எழுத்தில் கேட்கவேண்டும், முதல் வாய்ப்பிலேயே கேட்கவேண்டும். வாசகம் ஏறத்தாழ இவ்வாறு அமையலாம்:

“எனக்குச் சொந்தமானதும், நானும் என் குடும்பத்தாரும் குடியிருந்து வருவதுமான, கீழ்க்கண்ட சர்வே எண்ணில் அடங்கிய வீடு, என் ஒரே குடியிருப்பு ஆகும். அதன்மீது அடமானமோ வேறு வில்லங்கமோ இல்லை. இணைத்துள்ள மதிப்பீட்டு அறிக்கையின்படி அதன் மதிப்பு விதிகளில் கண்ட வரம்புக்கு உட்பட்டது. ஆகவே, 79ஆம் பிரிவின் 14ஆம் உட்பிரிவின்படி அதை விலக்குச் சொத்தாகக் கொண்டு, என் திவால் தொகுப்பிலிருந்து நீக்குமாறு வேண்டுகிறேன்.”

60ஆம் பிரிவின்படி கேட்பவர், மதிப்பைப் பற்றிய வாக்கியத்தை விட்டுவிட்டு, தாம் தொழிலாளி அல்லது விவசாயி என்பதையும், தம் ஜீவனம் எதை நம்பியிருக்கிறது என்பதையும் எழுதவேண்டும்.

படி 6: உரிய இடத்தில், உரிய நாளுக்குள் கொடுங்கள்

*தனி ஜாமீன்தாரர்:*

1. நீங்களே மனுப் போடலாம் (94ஆம் பிரிவு). கடன்காரரும் போடலாம் (95ஆம் பிரிவு). முதல் மனுவின் சொத்து விவரத்திலேயே வீட்டை விலக்குச் சொத்து என்று குறியுங்கள்.
2. தீர்வு அலுவலர் நியமனமானவுடன் அவரிடம் கோப்பின் நகலைக் கொடுத்து ஒப்புகை பெறுங்கள்; மனுவை ஏற்கலாமா என்று அவர் தீர்ப்பாயத்துக்கு அறிக்கை தர 10 நாள்களே உண்டு.
3. மனு ஏற்கப்பட்டால் 180 நாள் தடைக்காலம் தொடங்கும். திருப்பிச் செலுத்தும் திட்டத்தை இந்தக் காலத்திலேயே பேசி முடிக்கவேண்டும்.
4. திட்டம் தோற்று, கடன்காரரின் மனுவின்பேரில் திவால் உத்தரவு வந்தால், 7 நாள்களுக்குள் நிதிநிலை அறிக்கையைத் திவால் பொறுப்பாளரிடம் தரவேண்டும். அதிலும் விலக்குக் கோரிக்கையைத் திரும்ப எழுதுங்கள்.

*எச்சரிக்கை:* மனுத் தாக்கலான நாளிலிருந்தே கடன் நடவடிக்கைகளை நிறுத்திவைக்கும் இடைக்காலத் தடையைத் தனி ஜாமீன்தாரர்களுக்கு நீக்குவதற்கான திருத்த மசோதா 2025 ஆகஸ்டில் மக்களவையில் கொண்டுவரப்பட்டது. மனுப் போடும் நாளில் அமலிலுள்ள வாசகத்தை வழக்கறிஞரிடம் கேட்டு உறுதி செய்துகொண்டே காலெடுத்து வையுங்கள். இந்த இடைக்காலத் தடை செக் வழக்கின் குற்றநடவடிக்கையை நிறுத்தாது என்று உச்ச நீதிமன்றம் 2025இல் தீர்ப்பளித்திருக்கிறது.

*ஐ.பி. மனுதாரர்:*

1. மனுவின் சொத்து அட்டவணையில் வீட்டைக் காட்டி, 1920ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28ஆம் பிரிவு, 5ஆம் உட்பிரிவின்படி விலக்குக் கேளுங்கள். ஜப்தி செய்யக்கூடாத சொத்து நொடித்தவரின் சொத்தாகாது என்பதே அதன் பொருள்.
2. சொத்துப் பொறுப்பாளர் அதை மறுத்து விற்க முற்பட்டால், அந்த முடிவுக்கு 21 நாள்களுக்குள் நீதிமன்றத்தில் முறையிடுங்கள். அந்த நாள் கடந்தால் மனு நிற்காது.

*ஜப்தியை எதிர்ப்பவர்:* நிறைவேற்று நீதிமன்றத்தில், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 47ஆம் பிரிவின்படி, ஏல அறிவிப்பு விசாரணைக்கு முன்னரே மனுப் போடுங்கள். ஏலம் முடிந்தபின் எழுப்பும் ஆட்சேபணை, முன்னமே எழுப்பியிருக்கலாமே என்ற கேள்வியில் அடிபட்டுப் போகும்.

அடமான வீட்டுக்கு என்ன வழி?

விலக்கு இல்லையென்பதால் வழியே இல்லையென்று ஆகாது. அடமானச் சொத்தை நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலே கைப்பற்ற வங்கிக்கு இடம் தரும் சர்ஃபேசி சட்டத்தின்படி வங்கி வரும்போது கீழ்க்கண்ட வரிசையைக் கைக்கொள்ளுங்கள்.

1. தவணை தவறத் தொடங்கியவுடன்: 90 நாள் கடந்தால் கணக்கு வாராக்கடனாகும். அதற்கு முன்னரே, சிறுதொழில் பதிவுக்கான உத்யம் சான்றை இணைத்து, 2015 மே 29 அறிவிக்கையில் கண்ட சிறுதொழில் மறுவாழ்வு ஏற்பாட்டைக் கோரி வங்கிக்கு எழுதுங்கள். இந்த ஏற்பாடு வங்கிகளைக் கட்டுப்படுத்தும் என்றும், ஆனால் தொழில் நடத்துபவர் உரிய காலத்தில் கேட்கவேண்டும் என்றும் 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.
2. 60 நாள் நோட்டீஸ் வந்தால்: உடனே எழுத்து மூலம் ஆட்சேபணை கொடுங்கள். வங்கி 15 நாள்களுக்குள் காரணத்தோடு பதில் தரவேண்டும்.
3. சுவாதீன நோட்டீஸ் ஒட்டப்பட்டால்: 45 நாள்களுக்குள் சென்னைக் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் 17ஆம் பிரிவின்படி மனுப் போடுங்கள்.
4. ஏலத்துக்கு முன்: ஏல அறிவிப்பு வெளியாகும் வரைதான் முழுத் தொகையைச் செலுத்தி வீட்டை மீட்கும் உரிமை உண்டு. ஒருமுறைத் தீர்வுப் பேச்சு அதற்கு முன் முடிந்து, எழுத்தில் கையில் இருக்கவேண்டும். மேலாளரின் வாய்வாக்கு போதாது.

பலரும் செய்யும் பிழைகள்

- மனைவி பெயருக்குத் தான செட்டில்மெண்ட் எழுதுதல். நொடிப்பு மனுவுக்கு முந்தைய இரண்டு ஆண்டுகளுக்குள் விலையின்றிச் செய்த மாற்றத்தை இரு சட்டங்களுமே ரத்துச் செய்ய இடம் தருகின்றன; காப்பாற்ற நினைத்த வீட்டோடு, நீதிமன்றத்தின் நம்பிக்கையும் போய்விடும்.
- ஒரு கடன்காரருக்கு மட்டும் ரகசியமாகக் கொடுத்துத் தீர்த்தல். அதுவும் ரத்தாகலாம்.
- கந்துவட்டிக்கு வாங்கி வங்கிக்குக் கட்டுதல். விற்பனை அக்ரிமெண்ட் என்ற பேரில் வீட்டுப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிக்கொள்ளும் கடன்களும் இதில் சேரும். அதீத வட்டியைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. ஆனால் கையெழுத்திட்டபின் போராடுவதைவிடக் கையெழுத்திடாமலிருப்பதே மேல்.
- விலக்கை விட்டுக்கொடுத்ததாக எழுதிக் கொடுத்தோமே என்று அஞ்சுதல். 60ஆம் பிரிவின் விலக்கைக் கைவிடுவதாக எழுதிய ஒப்பந்தம் செல்லாது என்று அந்தப் பிரிவே கூறுகிறது. அஞ்சாமல் கோருங்கள்.
- வீட்டைப் பட்டியலிலேயே எழுதாமல் விடுதல். விலக்குக் கேட்பதும் மறைப்பதும் ஒன்றல்ல. சொல்லிக் கேட்பவருக்கே சட்டம் துணை நிற்கும்.

உங்கள் பாதுகாப்பு

வசூல் முகவர்கள் காலை 8 மணிக்கு முன்பும் இரவு 7 மணிக்குப் பின்பும் அழைக்கக்கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. மிரட்டல் இருந்தால் தேதி, நேரம், எண் ஆகியவற்றைக் குறித்து வங்கிக்கும் காவல் நிலையத்துக்கும் எழுதுங்கள். வழக்கறிஞர் கட்டணம் இயலாதவர்கள் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை நாடலாம். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும், ஆலைத் தொழிலாளிகளுக்கும் வருமானத்தைக் கருதாமலே இலவச உதவி உண்டு. அழைக்க வேண்டிய எண் 15100.

கடன் மானத்தைக் குலைக்கிறது என்ற எண்ணத்தில் உயிரை மாய்த்துக்கொள்ளத் துணிவோர் உண்டு. நொடிப்பு என்பது குற்றமன்று. நேர்மையாகத் தோற்றவர் மறுபடி எழுந்து நிற்பதற்காகவே சட்டம் விடுவிப்பு என்ற ஏற்பாட்டை வைத்திருக்கிறது, 2016ஆம் ஆண்டுச் சட்டத்தில் திவால் தொடங்கி ஓராண்டு நிறைவதற்குள்ளேயே அது கிடைக்கக்கூடும். மனம் தளரும் வேளையில் 104 அல்லது 14416 என்ற எண்ணை அழையுங்கள். வீட்டாரிடம் கணக்கை மறைக்காமல் சொல்லுங்கள்.

இனி கடன் வாங்கப் போகிறவருக்கு

மேலே கண்ட படிகள் அனைத்தும் ஒரே உண்மையைச் சுற்றியே வருகின்றன: வீட்டு விலக்கின் தலைவிதி, தொழில் நொடிக்கும் நாளிலன்று, கடன் பத்திரத்தில் கையெழுத்திடும் நாளிலேயே நிர்ணயமாகிறது. ஆகவே, அடுத்த கடனுக்குமுன் இவற்றைச் செய்யுங்கள்.

1. வரம்புக்கு உட்பட்ட சிறுதொழில் கடனுக்கு (2010இல் வகுத்தபடி ரூ.10 லட்சம் வரை) சொத்துப் பிணை கேட்கக்கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அதைக் குறிப்பிட்டு எழுத்தில் விண்ணப்பியுங்கள்.
2. அந்த வரம்புக்கு மேற்பட்ட தொகைக்கு, சி.ஜி.டி.எம்.எஸ்.இ. கடன் உத்தரவாதத் திட்டத்தின்கீழ் பிணையின்றித் தருமாறு கேளுங்கள். உத்தரவாதக் கட்டணம் கொஞ்சம் கூடினாலும், வீட்டை அடமானமின்றி வைத்திருப்பதற்கு அது சிறு விலையே.
3. பிணை தவிர்க்கமுடியாவிட்டால், இயந்திரத்தையோ தொழிற்கொட்டகையையோ கொடுங்கள். வீட்டுப் பத்திரத்தைக் கடைசி வரை வெளியே எடுக்காதீர்கள்.
4. கடன் தீர்ந்தவுடன் பத்திரத்தைத் திரும்பப் பெற்று, ஒப்படைப்புப் பதிவை ரத்து செய்து, புதிய வில்லங்கச் சான்றில் அது நீங்கியிருக்கிறதா என்று சரிபாருங்கள். தீர்ந்த கடனின் நீக்கப்படாத பதிவும், விலக்குக் கேட்கும் நாளில் வில்லங்கமாகவே எண்ணப்படும்.